காத்திருந்து மன்றாடிய சவேரியார்
திருவருகைக்காலச் சிந்தனை



திருவருகைக்காலத்தின் முதல் ஞாயிறு நவம்பர் 27-க்கு முன்னால் வருவதில்லை. டிசம்பர் 3-ஐத் தாண்டியும் போவதில்லை. ஆகவே புனித பிரான்சிஸ் சவேரியாரின் திருநாளான டிசம்பர் 3 எந்த ஆண்டிலும் இந்தக் காலத்திற்குள்தான் அமைகிறது. மலர்வளையத்தில் முதல் மெழுகுதிரி எரியும் நாட்களில் நாம் நினைவுகூரும் புனிதர் அவர். 1552-ஆம் ஆண்டு டிசம்பர் 3 அன்று விடியும் முன் சீனக் கடற்கரைக்கு எதிரே இருந்த ஒரு தீவில் அவர் உயிர் நீத்தார். அவரை அக்கரை சேர்ப்பதாகச் சொல்லியிருந்த படகு அன்றுவரை வரவேயில்லை.

காத்திருப்பின் காலத்தில், காத்திருந்தபடியே இறந்த ஒருவரைத் திருச்சபை நம்முன் நிறுத்துகிறது. இந்த நாட்களில் நம் ஆலயங்களிலும் அன்பியக் கூட்டங்களிலும் நாம் எழுப்பும் மன்றாட்டுகளுக்கு அவர் வாழ்வு என்ன கற்பிக்கிறது என்று சிந்திப்போம்.

பிறரின் பொறுமையால் கிடைத்தவர்

பிரான்சிஸ் 1506-ஆம் ஆண்டு ஏப்ரல் 7 அன்று, நவார் நாட்டில் சவேரியார் கோட்டையில் பிறந்தார். தந்தை யுவான் தெ ஜாசோ அரசவையில் உயர்ந்த பொறுப்பில் இருந்தவர். பிரான்சிஸ் சிறுவனாக இருந்தபோதே நவார் தன் சுதந்திரத்தை இழந்தது. 1515-ல் தந்தை இறந்தார். அடுத்த ஆண்டே வெற்றி பெற்ற காஸ்டீல் அரசின் ஆணைப்படி அவர்களது கோட்டையின் மதில்களும் கோபுரங்களும் இடிக்கப்பட்டன. தம் குடும்பத்தின் பெருமையைக் கல்வியால் மீட்க வேண்டும் என்ற எண்ணத்தோடு 1525-ல் பாரீஸ் பல்கலைக்கழகம் சென்றார் அந்த இளைஞர்.

அங்கே புனித பார்பரா கல்லூரியில் அவரோடு ஒரே அறையில் தங்கியவர் பீட்டர் பேபர். 1529-ல் வயதில் மூத்த, கால் ஊனமுற்ற ஒரு மாணவரும் அதே அறைக்கு வந்து சேர்ந்தார். அவர்தான் லொயோலா இஞ்ஞாசியார். பேபர் எளிதில் அவர் வழிக்கு வந்தார், பிரான்சிஸ் வரவில்லை. பட்டம், பதவி, ஊரில் கிடைக்கக்கூடிய திருச்சபை மானியம் ஆகியவற்றின் மேல்தான் அவர் கண் இருந்தது. இஞ்ஞாசியார் அவரை விட்டுவிடவில்லை. மாணவர்களைச் சேர்த்துத் தந்து உதவினார், பணமுடையில் கைகொடுத்தார், ஆண்டுக்கணக்கில் பொறுத்திருந்தார்.

1534-ஆம் ஆண்டு ஆகஸ்டு 15 அன்று மோன்மார்த்ர் குன்றில் ஏழு தோழர்கள் வறுமை, கற்பு வாக்குறுதி எடுத்தபோது பிரான்சிசும் அவர்களில் ஒருவராக இருந்தார். பிற்காலத்தில் பல்லாயிரம் பேருக்காக மன்றாடிய இந்த மனிதரே, முதலில் மற்றொருவருடைய பொறுமைக்குக் கிடைத்த கனி என்பதை நாம் மறக்கக் கூடாது. இத்தனை ஆண்டு செபித்தும் என் மகன் மாறவில்லையே, என் கணவர் கோவில் பக்கம் வரவில்லையே என்று மனம் சோர்ந்திருப்போர், பாரீசின் அந்த மாணவர் அறையை நினைத்துக்கொள்வது நல்லது.

இன்னொருவர் இடத்தில் வந்தவர்

1537 ஜூன் 24 அன்று வெனிஸ் நகரில் பிரான்சிஸ் குருவானார். இந்தியாவுக்கு மறைப்பணியாளர்கள் வேண்டுமென்று போர்ச்சுக்கல் மன்னர் மூன்றாம் ஜான் கேட்டபோது, இஞ்ஞாசியார் தேர்ந்தெடுத்தது பிரான்சிசை அல்ல, பொபதில்லா என்ற தோழரை. அவர் நோயுற்றதால்தான் அந்த இடம் பிரான்சிசுக்கு வந்தது. கேட்டவுடன் சம்மதித்து, 1540 மார்ச் மாதத்தில் உரோமையை விட்டுப் புறப்பட்டார். தம் ஆன்மத் தந்தையாகிய இஞ்ஞாசியாரை அதன்பின் அவர் நேரில் காணவேயில்லை.

1541 ஏப்ரல் 7, தம் 35-ஆவது பிறந்தநாளில் லிஸ்பனில் கப்பல் ஏறினார். வழியில் மொசாம்பிக்கில் பல மாதங்கள் தங்க நேர்ந்தது. 1542 மே 6 அன்று கோவா வந்து சேர்ந்தார். அந்த ஆண்டிலேயே முத்துக்குளித்துறைக்குப் புறப்பட்டு, நம் தமிழ்க் கடற்கரையில் கால் பதித்தார்.

தமிழில் செபிக்கக் கற்றவர்

தூத்துக்குடி முதல் குமரிமுனை வரையிலான கடற்கரைப் பரதவ மக்கள், 1535-க்கும் 1537-க்கும் இடையே பெருந்திரளாகத் திருமுழுக்குப் பெற்றிருந்தார்கள். முத்துக்குளிப்பு உரிமைக்காக நடந்த கடுமையான மோதலில் போர்ச்சுக்கீசியரின் பாதுகாப்பை அவர்கள் நாடியதே அதற்குப் பின்னணி. ஆனால் அவர்களோடு தங்கி மறைக்கல்வி கற்பிக்க ஆளில்லை. கிறிஸ்தவர் என்ற பெயர் இருந்தது, செபங்கள் தெரியாது. சவேரியாருக்கோ தமிழ் தெரியாது.

இந்தச் சிக்கலை அவர் எப்படித் தீர்த்தார் என்பது கவனிக்கத்தக்கது. தமிழும் போர்ச்சுக்கீசியமும் அறிந்த சிலரைத் தூத்துக்குடியில் கூட்டினார். அவர்களோடு பல நாட்கள் உழைத்து, சிலுவை அடையாளம், விசுவாசப் பிரமாணம், பத்துக் கட்டளைகள், பரலோக மந்திரம், மங்கள வார்த்தை மந்திரம், கிருபை தயாபத்து மந்திரம், பாவ அறிக்கை ஆகியவற்றைத் தமிழாக்கினார். அவற்றைத் தாமும் மனப்பாடம் செய்தார். பிறகு கையில் மணியோடு தெருத்தெருவாகச் சென்று சிறுவர்களையும் பெரியவர்களையும் கூட்டிச் சொல்லிக் கொடுத்தார்.

1544 ஜனவரியில் கொச்சியிலிருந்து உரோமைக்கு எழுதிய நீண்ட மடலில், ஞாயிறு வழிபாட்டை எப்படி நடத்தினார் என்று அவரே விவரித்திருக்கிறார். விசுவாசப் பிரமாணத்தின் ஒவ்வொரு பகுதியும் முடிந்தவுடன், அதை உறுதியாக விசுவசிக்கும் அருளை இயேசுவிடம் மக்கள் அனைவரும் சேர்ந்து கேட்பார்கள். பின்னர் அதே அருளைப் பெற்றுத் தரும்படி மரியன்னையிடம் மன்றாடுவார்கள். பத்துக் கட்டளைகளுக்கும் இவ்வாறே: ஒரு கட்டளை, அதைக் கடைப்பிடிக்கும் வரம் கேட்டு ஒரு மன்றாட்டு.

நம் திருப்பலியில் ஒருவர் கருத்தை வாசிக்க, நாம் அனைவரும் ஒரே குரலில் பதில் சொல்கிறோமே, அதற்கு ஒத்த ஒரு முறை சுமார் 480 ஆண்டுகளுக்கு முன்பே நம் கடற்கரையில் தமிழில் ஒலித்தது. அவருடைய தமிழ் முழுமையானதல்ல. ஆயினும் அந்த மக்கள் தங்கள் சொந்த மொழியில் கடவுளிடம் கேட்கப் பழகினார்கள்.

சிறுவர்கள் செய்த மன்றாட்டுப் பணி

நோயாளிகளுக்காகச் செபிக்க வருமாறு ஊர் ஊராக அழைப்பு வந்துகொண்டே இருந்தது. எல்லா வீடுகளுக்கும் அவரால் போக முடியவில்லை. மறைக்கல்வி, திருமுழுக்கு, இறந்தோர் அடக்கம் என்று ஒரே ஆள் அத்தனையும் செய்ய வேண்டியிருந்தது. எனவே செபங்களைக் கற்றுத் தேர்ந்த சிறுவர்களை அவர் அனுப்பினார். அவர்கள் நோயாளியின் வீட்டிற்குச் சென்று, வீட்டாரையும் அக்கம்பக்கத்தாரையும் கூட்டி, விசுவாசப் பிரமாணத்தைச் சேர்ந்து சொல்லச் செய்து, கடவுள் நலம் தருவார் என்று நோயாளிக்கு நம்பிக்கையூட்டி, மற்ற செபங்களையும் சொல்வார்கள். அந்த வீட்டாரின் விசுவாசத்தையும் சிறுவர்களின் விசுவாசத்தையும் பார்த்து இறைவன் பலருக்கு இரக்கம் காட்டினார் என்பதே சவேரியாரின் சாட்சியம்.

இதில் நாம் காண வேண்டியது ஒன்று உண்டு. பரிந்து மன்றாடுவது குருக்களுக்கு மட்டும் உரிய வேலை என்று அவர் எண்ணவில்லை. திருமுழுக்குப் பெற்ற ஒரு மீனவச் சிறுவனும் அதற்குத் தகுதியுள்ளவன் என்று நம்பினார். இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1963-ல் திருவழிபாடு பற்றிய தன் ஏட்டின் வழியாகப் பொது மன்றாட்டைத் திருப்பலியில் மீண்டும் கொண்டுவந்தது. திருமுழுக்கால் தாங்கள் பெற்ற குருத்துவப் பணியை விசுவாசிகள் அந்த நேரத்தில் செயல்படுத்துகிறார்கள் என்று திருச்சபை இன்று கற்பிக்கிறது. வாசக மேடையில் ஏறி மன்றாட்டை வாசிக்கும் நம் மறைக்கல்விப் பிள்ளைகள், அந்தக் கடற்கரைச் சிறுவர்களின் வாரிசுகள்.

தோணிகளோடு சென்ற செபம்

1544 ஜூன் மாதத்தில் குமரிமுனைப் பகுதியில் பெருந்துன்பம் நேர்ந்தது. வடுகர் படையினர் கடற்கரை ஊர்களைத் தாக்கிக் கொள்ளையிட்டார்கள். மக்கள் உயிர் தப்பக் கடலில் துருத்தி நின்ற பாறைகளில் ஏறி ஒளிந்தார்கள். அங்கே உணவும் இல்லை, குடிநீரும் இல்லை. பலர் பசியாலும் தாகத்தாலும் இறந்தார்கள்.

செய்தி கேட்ட சவேரியார் மணப்பாட்டிலிருந்து இருபது தோணிகளோடு புறப்பட்டார். எதிர்க்காற்று கடுமையாக இருந்தது. துடுப்புப் போட்டும் இழுத்தும் தோணிகள் முன்னேறவில்லை, திரும்ப வேண்டியதாயிற்று. பின்பு தரைவழியே குமரிமுனைக்கு நடந்தே சென்றார். தப்பி வந்தோரின் கோலம் அவர் நெஞ்சை உருக்கியது. ஊர்த் தலைவர்களான பட்டங்கட்டிகளுக்கு எழுதி, அகதிகளுக்கு உணவும் உதவியும் திரட்டச் சொன்னார். வசதியுள்ளவர்களிடம் மட்டுமே உதவி கேட்க வேண்டும், ஏழைகளை வற்புறுத்தக் கூடாது என்பதிலும் கவனமாயிருந்தார். அதே நாட்களில் தம் உடன் பணியாளர் மான்சிலாசுக்கு எழுதிய மடல்களில் செபத்தையும் கேட்டார், குறிப்பாகச் சிறுவர்களின் செபத்தை.

தோணி, நடை, அரிசி, செபம் எல்லாம் அவரிடம் ஒன்றாகவே இருந்தன. துன்புறுவோருக்காக மன்றாடிய பிறகு அவர்களிடம் போகாமல் இருக்க அவருக்குத் தெரியவில்லை. போகும் வழி அடைபட்டபோது மன்றாடாமல் இருக்கவும் தெரியவில்லை.

நெஞ்சில் சுமந்த பெயர்கள்

1545-ல் சவேரியார் மயிலாப்பூர் சென்று, புனித தோமாவின் கல்லறை அருகே சில மாதங்கள் தங்கினார். அடுத்து எங்கே செல்வது என்று தெளிவு வேண்டி அங்கே செபித்தார். கிழக்கே மலாக்காவுக்கும் அதற்கப்பாலுள்ள தீவுகளுக்கும் போக வேண்டும் என்ற உறுதி அங்குதான் பிறந்தது.

1546-ல் அம்போன் தீவிலிருந்து எழுதிய மடலில், நாம் என்றும் மறக்க முடியாத ஒரு செய்தி இருக்கிறது. ஐரோப்பாவிலிருந்து தோழர்கள் எழுதிய கடிதங்களில், அவரவர் கைப்பட இட்டிருந்த பெயர்களை மட்டும் வெட்டி எடுத்து, தம் வாக்குறுதிப் பத்திரத்தோடு சேர்த்து எப்போதும் தம்முடன் வைத்திருந்தார். ஒரு கடிதம் போய்ப் பதில் வர ஆண்டுகள் ஆன காலம் அது. நண்பர்களின் முகம் காண வழியில்லை. அவர்கள் பெயரைச் சுமந்து செபித்தார்.

பொதுவாக எல்லாருக்காகவும் செபிப்பது எளிது. பெயர் சொல்லிச் செபிப்பவருக்கு அந்த மனிதரின் கடன், நோய், கோபம் எல்லாம் நினைவுக்கு வரும்; அவரை மறந்துவிட்டு எழுந்து போக முடியாது.

ஒரு புனிதரின் எல்லைகள்

சவேரியாரின் வாழ்வை முழுமையாகச் சொல்வதென்றால் இதையும் சொல்ல வேண்டும். பிற சமயங்களைப் பற்றி அவர் எழுதியவை கடுமையானவை. புதிதாகத் திருமுழுக்குப் பெற்ற சிறுவர்கள் பழைய வழிபாட்டுச் சிலைகளை உடைத்ததைப் பாராட்டினார். 1546-ல் கோவாவில் சமய விசாரணை மன்றம் அமைக்கும்படி போர்ச்சுக்கல் மன்னரைக் கேட்டார். அவர் காலத்து ஐரோப்பியரின் பார்வை அவரிடமும் இருந்தது. புனிதர்களும் தங்கள் காலத்தின் பிள்ளைகளே.

திருச்சபை அந்தப் பாதையில் நிற்கவில்லை. 1965 அக்டோபர் 28 அன்று வெளியான இரண்டாம் வத்திக்கான் சங்கத்தின் அறிக்கை, பிற சமயங்களில் உள்ள உண்மையானதும் புனிதமானதுமான எதையும் திருச்சபை ஒதுக்குவதில்லை என்று தெளிவுபடுத்தியது. நாகல் நகரில் வாழும் நமக்கு இது ஏட்டில் மட்டும் உள்ள செய்தியல்ல. சௌராஷ்டிர நெசவாளக் குடும்பங்களும் பல சமயத்தாரும் சேர்ந்து வாழும் ஊர் இது. ஒரே தெருவில் குடியிருந்து, ஒரே கடையில் பால் வாங்கி, ஒருவர் வீட்டுச் சாவுக்கு மற்றவர் போய் நிற்கிறோம். அண்டை வீட்டாருக்காக நாம் செபிக்கும்போது அவர்களுடைய நலனைக் கேட்கிறோம். அவர்களை மதித்தே கேட்கிறோம்.

வராத படகு

1549 ஆகஸ்டு 15 அன்று சவேரியார் ஜப்பானின் ககோஷிமாவில் இறங்கினார். இரண்டு ஆண்டுகளுக்கு மேல் அங்கே உழைத்தார். அவர் சொல்லும் கடவுள் உண்மையென்றால் அறிவில் சிறந்த சீனர்கள் அவரை அறியாதிருப்பது எப்படி என்று ஜப்பானியர் கேட்டார்கள். அந்தக் கேள்வி அவரைச் சீனாவை நோக்கித் திருப்பியது.

1552-ல் கோவாவிலிருந்து புறப்பட்டார். சீனப் பேரரசரிடம் தூதுக்குழுவோடு செல்வது அவர் திட்டம். மலாக்காவின் போர்ச்சுக்கீசிய அதிகாரி அந்தத் தூதுக்குழுவைத் தடுத்துவிட்டார். சவேரியார் அரசுத் தூதர் யாருமின்றிச் சென்று சான்சியான் தீவை அடைந்தார். சீனப் பெருநிலம் அங்கிருந்து கண்ணுக்கெட்டும் தூரம். அந்நியர் நுழைந்தால் சிறை அல்லது மரணம். ஒரு சீன வணிகர் மிளகைக் கூலியாகப் பெற்றுக்கொண்டு இரகசியமாக அக்கரை சேர்ப்பதாக ஒப்புக்கொண்டார். குறித்த நாள் வந்தது, வணிகர் வரவில்லை. மறுநாளும் வரவில்லை.

போர்ச்சுக்கீசியக் கப்பல்கள் ஒவ்வொன்றாகத் திரும்பிச் சென்றன. நவம்பர் 21 முதல் காய்ச்சல் கண்டது. ஓலைக்குடிசையில் குளிரில் கிடந்தார். அருகில் இருந்தவர் அந்தோணி என்ற சீன இளைஞர். அவருக்குப் புரியாத ஒரு மொழியிலும் சவேரியார் செபித்தார். அது அவருடைய பிள்ளைப் பருவத்து பாஸ்கு மொழியாக இருக்கலாம் என்று பலரும் கருதுகின்றனர். டிசம்பர் 3 அன்று விடியும் முன், அந்தோணி அவர் கையில் எரியும் மெழுகுதிரியைப் பிடிக்க வைத்தார். அவ்வாறே உயிர் பிரிந்தது. வயது 46. அடக்கத்திற்கு வந்தவர்கள் மிகச் சிலரே.

அவர் கேட்டது அவருக்குக் கிடைக்கவில்லை. நாம் அவசரப்பட்டு இதற்கு ஆறுதல் தேட வேண்டாம். அந்தக் குடிசையில் அவருக்கு எந்த விளக்கமும் தரப்படவில்லை. ஆனால் அதே 1552-ல், அவர் இறப்பதற்கு இரண்டு மாதங்களுக்கு முன், அக்டோபர் 6 அன்று இத்தாலியின் மச்செராத்தா நகரில் மத்தேயோ ரிச்சி பிறந்திருந்தார். 1583-ல் அவரும் அவர் தோழர் ருஜ்ஜியேரியும் சீனாவுக்குள் தங்க அனுமதி பெற்றார்கள். சவேரியார் தட்டிய கதவு 31 ஆண்டுகள் கழித்துத் திறந்தது. திறந்தபோது தட்டியவர் அங்கே இல்லை.

நம் கடற்கரையிலும் அப்படியே. அவர் விட்டுச் சென்ற பணியை என்றிக்கே என்றிக்கஸ் அடிகளார் தொடர்ந்தார். தமிழை முறையாகக் கற்றார். அவருடைய தம்பிரான் வணக்கம் என்னும் நூல் 1578-ல் கொல்லத்தில் அச்சாயிற்று. இந்தியாவிலேயே தமிழ் எழுத்தில் அச்சான முதல் நூல் அது. சவேரியார் ஒருபோதும் திண்டுக்கல் பக்கம் வந்தவரல்ல. அவர் பாதை கடலோரப் பாதை. 1606-ல் இராபர்ட் தெ நொபிலி மதுரை வந்த பிறகு மறைப்பணி உள்நாட்டில் வேர்விட்டது. 2003-ல் நம் திண்டுக்கல் மறைமாவட்டம் உருவானது. நாமும் யாரோ விதைத்துவிட்டு அறுவடை பார்க்காமல் போன நிலத்தின் விளைச்சல்தான்.

நான்கு வாரங்கள், நான்கு கருத்துகள்

பொது மன்றாட்டுக்குத் திருச்சபை ஒரு வரிசை தந்திருக்கிறது: திருச்சபைக்காக, நாட்டை ஆள்வோருக்கும் உலக மீட்புக்குமாக, துன்புறுவோருக்காக, நம் சொந்த ஊர்ச் சமூகத்திற்காக. திருவருகைக்காலத்தின் நான்கு வாரங்களுக்கும் இந்த நான்கையும் வைத்துக்கொள்ளலாம்.

முதல் வாரம், திருச்சபைக்காக. திருத்தந்தை, ஆயர், பங்குத் தந்தை ஆகியோரோடு, நமக்கு முதன்முதலில் செபம் சொல்லித் தந்தவரின் பெயரையும் சேர்ப்போம். அது பாட்டியாக இருக்கலாம், உபதேசியாராக இருக்கலாம்.

இரண்டாம் வாரம், ஆள்வோருக்காகவும் உலகத்திற்காகவும். போர் நடக்கும் நாடுகளையும் அகதிகளையும் நினைப்போம். குமரிப் பாறைகளில் தண்ணீரின்றித் தவித்தவர்களைப் போன்றோர் இன்றும் இருக்கிறார்கள்.

மூன்றாம் வாரம், துன்புறுவோருக்காக. தறியில் கூலி குறைந்து வாடுவோர், நூற்பாலையில் இரவு வேலை பார்க்கும் இளம்பெண்கள், தோல் தொழிற்சாலைகளிலும் பூட்டுப் பட்டறைகளிலும் உழைப்போர், மருத்துவமனையில் படுத்திருப்போர் என்று பொதுவாகத் தொடங்கி, நமக்குத் தெரிந்த ஒருவரின் பெயரில் முடிப்போம். அந்த வாரத்திற்குள் அவரைப் போய்ப் பார்த்துவிட்டு வருவோம். பிள்ளைகளையும் அழைத்துச் செல்வோம்.

நான்காம் வாரம், நம் தெருவுக்காக. பேச்சு நின்றுபோன உறவினர், நம்மோடு வழக்குள்ள பக்கத்து வீட்டார், வேறு சமயத்தைச் சேர்ந்த நண்பர் ஆகியோரின் பெயர்களை ஒரு தாளில் எழுதிக் குடிலில் மாட்டுக்கொட்டிலுக்கு அருகே வைப்போம். சவேரியார் மார்பில் சுமந்த சீட்டுகளுக்கு இணையாக அது இருக்கட்டும்.

பல ஆண்டுகளாக நாம் கேட்டும் கிடைக்காத ஒன்று நம் ஒவ்வொருவரிடமும் இருக்கிறது. பிள்ளைப்பேறு, வேலை, குடியிலிருந்து ஒருவரின் விடுதலை, தீராத நோயில் சிறிது ஆறுதல். அதை இந்த ஆண்டும் கேட்போம். கிடைக்கும் நாளையோ, அதைப் பெறப்போகும் ஆளையோ நாம் குறித்துக் கொடுக்க முடியாது. கேட்பதை நிறுத்தாமல் இருக்க மட்டும் முடியும்.

செபிப்போம்

வருகிறவராகிய இயேசுவே, உமது பணியாளர் சவேரியார் கரையில் நின்று காத்திருந்தபோது நீர் அவரோடு இருந்தீர். நாங்கள் பெயர் சொல்லி மன்றாடும் இந்த மனிதர்களை உம்மிடம் ஒப்படைக்கிறோம். அவர்களுக்கு நன்மை செய்ய எங்கள் கால்களுக்கும் வலிமை தாரும். உமது பதில் தாமதமாகும்போது எங்கள் கையில் உள்ள விளக்கு அணையாமல் காத்தருளும். ஆமென்.